நோதார் தும்பாட்சேயின் நாவல்கள் யாரிடமாவது உள்ளனவா?

வணக்கம். ஜார்ஜிய நாவலாசிரியர் நோதார் தும்பாட்சே (1928–1984) பற்றி எங்கள் வாசிப்பு வட்டத்தில் பேச ஒப்புக்கொண்டு விழித்துக்கொண்டிருக்கிறேன்.

1937இல் தந்தை கைதானபின் மேற்கு ஜார்ஜியாவின் குரியா வட்டாரத்தில் உறவினர்களிடம் வளர்ந்தவர் இவர். அந்தக் கிராமத்துக் குறும்பும் துயரமும்தான் ‘நான், பாட்டி, இலிக்கோ, இலாரியோன்’ நாவல். 1962இல் தெங்கிஸ் அபுலாட்சே அதைப் படமாக்கியபோது திரைக்கதையிலும் தும்பாட்சேயின் பங்கு உண்டு. பிறகு தலைநகர் திபிலிசியின் படப்பிடிப்பு நிறுவனத்தில் திரைக்கதைப் பிரிவில் வேலை பார்த்தார். 1980இல் சோவியத் அரசின் லெனின் பரிசு.

நான் தேடுவது: ‘நித்தியத்தின் நியதி’, ‘நான் சூரியனைக் காண்கிறேன்’ இரண்டும் தமிழில் வந்திருக்கின்றனவா? பழைய சோவியத் நூல்களைப் பத்திரமாக வைத்திருப்பவர்கள் அலமாரியை ஒருமுறை பாருங்களேன். ஆங்கிலப் பிரதியானாலும் சரி. இரவல் தந்தால் அட்டை போட்டுத் திருப்பித் தருவேன். வசன வரிகளோடு (சப்டைட்டில்) அந்தப் படத்தைப் பார்த்தவர்களும் சொல்லுங்கள்.