'மேன் ஆஃப் அரன்' திரையிடல்: ஒரு உதவி தேவை

நண்பர்களே, எங்கள் திரைப்பட வட்டத்தில் இயக்குநர் ராபர்ட் ஃப்ளாஹர்ட்டியின் 'மேன் ஆஃப் அரன்' (1934) ஆவணப்படத்தைத் திரையிடப் போகிறோம். அயர்லாந்தின் மேற்கே உள்ள அரன் தீவுகளில், வெறும் சுண்ணாம்புப் பாறைமேல் மணலையும் கடற்பாசியையும் சுமந்துவந்து பரப்பி உருளைக்கிழங்கு விளைவித்த தீவு மக்களைப் பற்றிய படம். அந்த அலைகளுக்கு நடுவே படகு கரைசேரும் காட்சியை எத்தனை முறை பார்த்தாலும் நெஞ்சு பதைக்கிறது.

ஆனால் அதில் ஒரே குடும்பமாக வருபவர்கள் நிஜக் குடும்பம் அல்ல. படத்தில் காட்டப்படும் சுறா வேட்டையும் அங்கே பல பத்தாண்டுகளுக்கு முன்பே நின்றுபோனது. படத்துக்காகத்தான் தீவுக்காரர்களுக்குப் புதிதாகக் கற்றுக்கொடுத்தார்கள். பார்வையாளர்களுக்கு இதைச் சொல்லியே ஆகவேண்டும். அந்த மக்களுக்கு நாம் தரவேண்டிய மரியாதை அது.

இந்தப் படம் உருவான விதத்தை ஆராய்ந்து, ஆவணப்பட இயக்குநர் ஜார்ஜ் ஸ்டோனி 1970களில் அதே தீவுக்குப் போய் எடுத்த 'ஹவ் த மித் வாஸ் மேட்' படத்தை முறையான அனுமதியோடு பெற வழி தெரிந்தவர்கள் சொல்லுங்கள். ஆவணப்பட நெறிகள் பற்றிப் பேசக்கூடியவர்கள் யாராவது வரமுடிந்தால் இன்னும் மகிழ்ச்சி.