சாதி மறுப்புத் திருமணம்: பாதுகாப்புக்கு முதலில் எஸ்.பி. அலுவலகமா, ஹைகோர்ட்டா?

வைகைக்கரை
"பதிவுத் திருமணம் முடிந்துவிட்டது, பெண் வீட்டார் வெட்டுவோம் என்கிறார்கள், நேராக ஹைகோர்ட் போகலாமா" என்று ஒரு தம்பி கேட்டிருக்கிறார். முதலில் எஸ்.பி.க்கு எழுத்தில் புகார் கொடுங்கள். அதிகாரி தன் கடமையைச் செய்யவில்லை என்பதுதான் மாண்டமஸ் ரிட்டின் (கடமையைச் செய் என்று அதிகாரிக்கு உத்தரவிடக் கோரும் மனுவின்) அடிப்படை. கேட்கவே இல்லையென்றால் "எங்களுக்கு மனுவே வரவில்லை" என்று அரசு வக்கீல் ஒரே வரியில் முடித்துவிடுவார். யார், எந்தத் தேதி, எந்த எண்ணிலிருந்து, என்ன சொல்லி மிரட்டினார்கள் என்று எழுதி, சி.எஸ்.ஆர். ரசீது (புகாரைப் பெற்றதற்குப் போலீஸ் தரும் ரசீது) வாங்குங்கள். பெண்ணுக்கு 18, பையனுக்கு 21 முடிந்ததற்குப் பத்தாம் வகுப்பு மார்க் ஷீட்டை வையுங்கள். ஆதாரை மட்டும் நம்ப வேண்டாம்.

பொருநை வக்கீல்
ரசீது வாங்க ஸ்டேஷனுக்குப் போவதுதான் ஆபத்து, சார். பெண்ணைக் காணவில்லை என்று அப்பா அதற்குள் புகார் கொடுத்திருப்பார். "வந்து கையெழுத்துப் போட்டுட்டுப் போங்க" என்று கூப்பிடுவார்கள். போனால் வாசலில் சொந்தக்காரர்கள் காரோடு நிற்பார்கள். உள்ளே "பேச்சுவார்த்தை" நடக்கும், பெண்ணைத் தனியாக உட்கார வைத்து அழ வைப்பார்கள். பி.என்.எஸ்.எஸ். (பழைய சி.ஆர்.பி.சி.க்குப் பதிலாக வந்த குற்றவியல் நடைமுறைச் சட்டம்) 179-ஆம் பிரிவின்படி ஒரு பெண்ணை அவர் வசிக்கும் இடத்துக்கு வெளியே விசாரணைக்கு வரச் சொல்லிக் கட்டாயப்படுத்த முடியாது. இதை எத்தனை பேருக்குத் தெரியும்? வாக்குமூலம் வேண்டுமென்றால் மாஜிஸ்திரேட் முன் 183-ஆம் பிரிவில் பதிவு செய்யட்டும்.

வைகைக்கரை
ஸ்டேஷனுக்குப் போகச் சொல்லவில்லை. எஸ்.பி.க்கு ஸ்பீடு போஸ்ட், கூடவே மின்னஞ்சல். இப்படிப்பட்ட தம்பதியரின் புகாரைக் கவனிக்க மாவட்டந்தோறும் சிறப்புப் பிரிவு வேண்டும் என்று சென்னை உயர் நீதிமன்றம் 2016-லேயே சொன்னது. 2018-இல் ஆணவக் கொலைகள் பற்றிய சக்தி வாஹினி வழக்கில் உச்ச நீதிமன்றமும் அதையே சொல்லி, பாதுகாப்பு இல்லம் முதலில் ஒரு மாதம், தேவைப்பட்டால் மாதாமாதம் நீட்டித்து ஓராண்டு வரை என்று விவரமாக வகுத்தது. அதைக் குறிப்பிட்டுக் கேளுங்கள்.

பொருநை வக்கீல்
அதே தீர்ப்பில் முதற்கட்ட விசாரணை அறிக்கைக்கு ஒரு வாரம் அவகாசம் இருக்கிறது. வெட்டுவேன் என்பவன் ஒரு வாரம் காத்திருப்பானா? காலையில் மின்னஞ்சல் போன கையோடு நீதிபதி முன் மென்ஷன் செய்து (அவசரத்தை வாய்மொழியாகச் சொல்லி) லஞ்ச் மோஷன், அதாவது அன்றே மதிய இடைவேளைக்குப் பின் விசாரணை, கேட்டால், அனுமதி கிடைத்தால் மதியமே விசாரணைக்கு வரும். திருச்சி, தஞ்சை முதல் குமரி வரை உள்ளவர்களுக்கு ஹைகோர்ட்டின் மதுரைக் கிளை.

வைகைக்கரை
வந்து என்ன உத்தரவு கிடைக்கும்? "மனுதாரரின் மனுவைச் சட்டப்படி பரிசீலிக்கவும்." மொட்டையான புகாருக்கு மொட்டையான உத்தரவுதான். உண்மையான அச்சுறுத்தல் இல்லாமல் பாதுகாப்பை உரிமையாகக் கோர முடியாது என்று அலகாபாத் உயர் நீதிமன்றம் 2025-இல் சொல்லியே விட்டது. அந்தத் தீர்ப்பு இங்கே கட்டுப்படுத்தாது, ஆனால் எதிர்த்தரப்பு அதை எடுத்து வீசும்.

பொருநை வக்கீல்
அதனால்தான் கோரிக்கையைத் துல்லியமாக எழுத வேண்டும்: குடியிருக்கும் இடத்தில் ரோந்து, ஒரு பொறுப்பு அதிகாரியின் செல் எண், மிரட்டியவர்களிடம் பி.என்.எஸ்.எஸ். 126-இல் அமைதி காப்பதற்கான பிணைப்பத்திரம், ஸ்டேஷனுக்குக் கூப்பிடக் கூடாது என்ற தடை. "தக்க பாதுகாப்பு" என்று மட்டும் எழுதினால் ஒரு கான்ஸ்டபிள் வந்து நோட்டில் கையெழுத்து வாங்கிக்கொண்டு போய்விடுவார்.

சட்ட உதவி மலர்
நீங்கள் இருவரும் தொடாத ஒன்று, முகவரி. அப்பா, அண்ணனை எதிர்மனுதாரர் ஆக்கினால் மனுவின் நகல் அவர்கள் கைக்குப் போகும். முதல் பக்கத்திலேயே தம்பதியர் ஒளிந்திருக்கும் வீட்டின் கதவு எண்!

வைகைக்கரை
அவர்களைச் சேர்க்காவிட்டால் அவர்களுக்கு எதிராக எப்படி உத்தரவு கேட்பது?

சட்ட உதவி மலர்
கேட்பது போலீஸுக்கு எதிராகத்தான், சார். மிரட்டியவர்களின் பெயரை பிரமாணப் பத்திரத்தில் எழுதுங்கள், எதிர்மனுதாரர் பட்டியலில் வேண்டாம். சேர்த்தே ஆக வேண்டுமென்றால் வக்கீல் அலுவலக முகவரியைக் கொடுத்து, உண்மையான இடத்தை சீலிட்ட உறையில் தர அனுமதி கேளுங்கள். இன்னொன்று: பெண்ணின் ஊர் எஸ்.பி.யை மட்டும் சேர்த்துவிட்டு, தம்பதியர் இப்போது தங்கியிருக்கும் மாவட்ட எஸ்.பி.யை விட்டுவிடுகிறார்கள். உத்தரவு ஓரிடத்தில், ஆபத்து இன்னோரிடத்தில். இருவரையும் சேர்த்து, உத்தரவு நகலை இரண்டு அலுவலகத்திலும் கொடுத்து முத்திரை வாங்குங்கள். அந்த முத்திரை இல்லாமல், உத்தரவை மீறினால் போடும் நீதிமன்ற அவமதிப்பு மனு நிற்பது கஷ்டம், அதற்கும் ஓராண்டுதான் கெடு. பெண்களுக்கும் எஸ்.சி., எஸ்.டி. பிரிவினருக்கும் வருமானம் பார்க்காமல் வக்கீல் இலவசம். அந்தத் தம்பி இன்றே இலவச சட்ட உதவி எண் 15100-க்கு அழைக்கட்டும்.