ஜான் மேக்கியின் பெருமை ஆடுகளத்திலா, நீதிமன்றத்திலா?

கரையோரன்:

அமெரிக்கக் கால்பந்தில் டைட் எண்ட் என்பவர் இரட்டை வேலைக்காரர். தாக்குதல் வரிசையின் ஓரத்தில் நின்று எதிரணியின் பெரிய உடம்புக்காரர்களைத் தோளால் முட்டித் தடுக்க வேண்டும். அடுத்த நகர்விலேயே ஓடிப்போய் குவார்ட்டர்பேக் எறியும் பந்தைப் பிடிக்கவும் வேண்டும். அண்மைக்கால நட்சத்திரங்களான கிரான்கௌஸ்கியையும் கெல்சியையும் பார்த்து இந்த விளையாட்டுக்குள் வந்தவர்களுக்கு அது பந்து பிடிப்பவரின் இடமாகவே தெரியும். 1960களின் தொடக்கத்தில் பெரும்பாலான பயிற்சியாளர்கள் அவரைக் கூடுதல் தடுப்பாளராகவே வைத்திருந்தார்கள். சிகாகோவின் மைக் டிட்கா அதை முதலில் அசைத்தார் என்பதை நான் மறுக்கவில்லை. ஆனால் அந்த இடத்திலிருந்து ஒரே ஓட்டத்தில் ஆட்டத்தை முடித்துவிட முடியும் என்று காட்டியவர் பால்ட்டிமோர் கோல்ட்ஸ் அணியின் ஜான் மேக்கி என்பதே என் வாதம்.

சிராக்யூஸ் பல்கலைக்கழகத்தில் ஆடிய அவரை 1963-இல், அணிகள் கல்லூரி வீரர்களை முறைவைத்து எடுக்கும் ஆண்டுத் தேர்வில், கோல்ட்ஸ் இரண்டாம் சுற்றில் தேர்ந்தெடுத்தது. முதல் ஆண்டிலேயே 35 பந்துகளைப் பிடித்து 726 கெஜம் முன்னேறினார். அதாவது ஒரு பந்துக்கு 20 கெஜத்துக்கும் மேல். 1966-இல் அவர் அடித்த ஒன்பது டச் டவுன்களில் (பந்தோடு எதிரணியின் எல்லைக்கோட்டைக் கடந்து பெறும் புள்ளிகள்) ஆறு 50 கெஜத்தைத் தாண்டியவை: 51, 57, 64, 79, 83, 89. அவற்றில் 64 கெஜம் ஓடியது டெட்ராய்ட் லயன்ஸ் அணிக்கெதிராக. குறுகிய எறிதல் ஒன்றைப் பிடித்துத் திரும்புகிறார். முதலில் வந்தவர் இடுப்பைப் பற்றுகிறார், அவரை உதறுகிறார். அடுத்து இருவர் மேலே விழுகிறார்கள், அவர்களையும் இழுத்துக்கொண்டே வெளியே வந்துவிடுகிறார். பழைய படச்சுருளில் அதைப் பார்க்கும்போது, விழ வேண்டிய ஆள் ஏன் விழவில்லை என்று நமக்கே ஐயம் வரும்.

இப்படிப்பட்டவரை, சிறந்த வீரர்களைக் கௌரவிக்கும் மண்டபமான ஹால் ஆஃப் ஃபேமுக்குள் 1992 வரை விடவில்லை. தகுதி பெற்றுப் பதினைந்தாவது ஆண்டில்தான் கதவு திறந்தது. வீரர் சங்கத்தின் தலைவராக இருந்து அணி உரிமையாளர்களை எதிர்த்து வழக்காடியதற்கான தண்டனை என்பதைத் தவிர இதற்கு வேறு விளக்கம் எனக்குத் தெரியவில்லை.

கணக்குப்பிள்ளை:

கரையோரன் அவர்களே, வேறு விளக்கம் இருக்கிறது. அது எண்களில் இருக்கிறது. பத்து ஆண்டுகளில் மேக்கி பிடித்தவை 331 பந்துகள், முன்னேறியது 5,236 கெஜம், டச் டவுன்கள் 38. அதே 1963-இல் செயின்ட் லூயிஸ் கார்டினல்ஸ் அணியில் சேர்ந்த ஜாக்கி ஸ்மித் என்ற டைட் எண்ட் 480 பந்துகளில் 7,918 கெஜம் எடுத்தார். ஸ்மித் கூடுதல் ஆண்டுகள் ஆடினார் என்று சொல்வீர்கள். சரி, ஆண்டுக் கணக்கை விட்டுவிட்டுச் சராசரியை மட்டும் பாருங்கள்: ஒரு பந்துக்கு ஸ்மித்துக்கு 16.5, மேக்கிக்கு 15.8. நீங்கள் புகழும் அந்த நீண்ட ஓட்டத்திலேயே ஸ்மித் ஒரு படி மேலே நிற்கிறார்.

தாமதத்துக்கும் இதே பதில்தான். ஜாக்கி ஸ்மித் ஹால் ஆஃப் ஃபேமுக்குள் வந்தது 1994-இல். அவர் எந்த உரிமையாளர் மீதும் வழக்குத் தொடுத்து நாட்டையே புரட்டிப்போட்டவர் அல்லர். மேக்கி விடைபெற்ற அதே 1972-இல் ஆட்டத்தை நிறுத்திய டிட்கா 1988 வரை காத்திருந்தார். அந்த மண்டபத்துக்குள் நுழைந்த முதல் டைட் எண்டே அவர்தான். அப்படியானால் அதுவரை அங்கே வாக்களித்த பத்திரிகையாளர்கள் ஒரு டைட் எண்டைக்கூடப் பொருட்படுத்தவில்லை என்று ஆகிறது. ஒரு முழு வகுப்பே வெளியே நிறுத்தப்பட்டிருந்தபோது, அதில் ஒருவரை மட்டும் பார்த்து இவரைப் பழிவாங்கினார்கள் என்பது பொருந்தவில்லை.

வாய்தா:

கணக்குப்பிள்ளை ஐயா அடுக்கிய எண்கள் சரியானவை. அவற்றிலிருந்து எடுத்த முடிவில்தான் எனக்கு உடன்பாடில்லை. 1969-இல் தொழில்முறைக் கால்பந்தின் 50-ஆம் ஆண்டை ஒட்டி, அதுவரை ஆடியவர்களில் சிறந்தவர்களைக் கொண்டு ஓர் அணி அறிவிக்கப்பட்டது. அதில் டைட் எண்டாக முதலிடம் பெற்றவர் மேக்கி. டிட்கா அவருக்குப் பின்னால்தான் வந்தார். 1969-இல் பின்னால் இருந்தவர் 1988-இல் எப்படி முன்னால் வந்தார்? இடையில் டிட்கா பயிற்சியாளராகி, 1986 ஜனவரியில் சிகாகோ பேர்ஸ் அணிக்கு சூப்பர் பௌல் என்ற இறுதிப் போட்டியை வென்று கொடுத்து, நாடறிந்த முகமாகியிருந்தார். மேக்கியோ உரிமையாளர்களுக்கு எதிரான வழக்கின் தலைப்பில் பெயராக நின்றார். டைட் எண்ட் என்பதால் தாமதம் என்பது பாதி உண்மை. மீதிப் பாதியை இந்த வேறுபாட்டில் தேட வேண்டும்.

அந்த வழக்கைப் பற்றியும் சொல்லியாக வேண்டும். என் பார்வையில் அவருடைய தொழில்வாழ்க்கையின் கனமான பகுதி அதுதான். 1962-இல் ஆர்.சி. ஓவன்ஸ் என்ற வீரர் ஒப்பந்தக் காலம் முடிந்ததும் சான் பிரான்சிஸ்கோவை விட்டு வேறு அணிக்குப் போனார். வேடிக்கை என்னவென்றால், அவர் போய்ச் சேர்ந்ததே பால்ட்டிமோர் கோல்ட்ஸ் அணிக்குத்தான். மறு ஆண்டே, அதாவது மேக்கி அதே அணிக்கு வந்த ஆண்டில், தேசியக் கால்பந்து லீக்கின் ஆணையர் பீட் ரோசெல்லின் பெயரால் அறியப்பட்ட விதி வந்தது. ஒப்பந்தம் முடிந்த வீரரைச் சேர்த்துக்கொள்ளும் அணி பழைய அணிக்கு ஈடு தர வேண்டும்; இரு தரப்பும் ஒத்துப்போகாவிட்டால் எந்த வீரர்களை, எந்தத் தேர்வு வாய்ப்புகளை ஈடாகத் தருவது என்று ஆணையரே தீர்மானிப்பார். என்ன விலை என்று தெரியாமல் கடைக்குள் யார் நுழைவார்? 1963 முதல் 1974 வரை 176 வீரர்கள் ஒப்பந்தக் காலத்தை ஆடி முடித்தார்கள். வேறு அணியில் இடம் கிடைத்தது 34 பேருக்கு மட்டும். மினியாபொலிஸில் ஏர்ல் லார்சன் என்ற நீதிபதி 55 நாட்கள் விசாரித்து, இந்த விதி வணிகப் போட்டிச் சட்டத்துக்கு முரணானது என்று 1975 டிசம்பரில் தீர்ப்பளித்தார். 1976-இல் மேல்முறையீட்டு நீதிமன்றமும், காரணங்களில் சற்று மாறுபட்டாலும், விதியைச் செல்லாததாக்கியது.

கணக்குப்பிள்ளை:

வாய்தா அவர்கள் வழக்கின் கதையைப் பாதியில் நிறுத்திவிட்டார். 1977-இல் சங்கமும் உரிமையாளர்களும் செய்துகொண்ட ஒப்பந்தத்தில் என்ன நடந்தது? நீதிமன்றத்தில் வென்ற சுதந்திரத்தில் பெரும்பகுதியைச் சங்கமே மேசையில் வைத்துவிட்டு, சந்தாப் பிடித்தம் போன்ற சங்கப் பாதுகாப்புகளையும் பிற பலன்களையும் வாங்கிக்கொண்டது. ஈட்டு முறை வேறு சட்டையைப் போட்டுக்கொண்டு திரும்பி வந்தது. வீரர்கள் உண்மையில் விருப்பம்போல் அணி மாறத் தொடங்கியது 1993-இல். அதுவும் வேறு வீரர்கள் வேறு வழக்குகளை நடத்திய பிறகு. ஆகவே மேக்கி விடுதலை வாங்கித் தந்தார் என்று எழுதுவது மிகை.

ஆடுகளத்திலும் மிகை உண்டு. ஐந்தாம் சூப்பர் பௌலில் அவர் அடித்த 75 கெஜ டச் டவுனை எல்லாரும் பாடுகிறார்கள். கோல்ட்ஸ் குவார்ட்டர்பேக் யுனைட்டஸ் அந்தப் பந்தை எறிந்தது சக வீரர் எடி ஹின்டனுக்கு. அது அவர் கையில் பட்டு எகிறி, டல்லஸ் வீரர் மெல் ரென்ஃப்ரோவின் விரல்களை உரசி, பின்னால் வந்த மேக்கியிடம் தானாக வந்து சேர்ந்தது. ரென்ஃப்ரோவின் விரல் படாமல் இருந்திருந்தால், அன்றைய விதிப்படி ஒரே அணியின் இருவர் அடுத்தடுத்துத் தொட்ட பந்தாகி, அது செல்லாமலே போயிருக்கும். அந்த ஆட்டம் முழுவதிலும் அவர் பிடித்தவை இரண்டே பந்துகள்.

கரையோரன்:

வந்து சேர்ந்தது அதிர்ஷ்டம் என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அந்த இடத்தில் அவர் ஏன் இருந்தார்? பந்து வேறு ஒருவருக்குப் போகிறது என்று தெரிந்தும் நிற்காமல் ஓடிக்கொண்டிருந்ததால் இருந்தார். பிடித்த பிறகு கோடு வரை ஓடிய தூரத்தை ரென்ஃப்ரோவின் விரல் ஓடித் தரவில்லை. கோல்ட்ஸ் 16-13 என்று மூன்றே புள்ளிகளில் வென்ற ஆட்டம் அது; அந்த டச் டவுன் இல்லையென்றால் கடைசி ஐந்து நொடிகளில் ஓ'பிரையன் உதைத்த மூன்று புள்ளி ஃபீல்ட் கோலுக்கு என்ன மதிப்பு இருந்திருக்கும்?

ஜாக்கி ஸ்மித்தின் எண்களைப் பற்றியும் ஒரு வார்த்தை. கோல்ட்ஸ் அணியில் யுனைட்டஸின் பந்துக்காகக் காத்திருந்தவர்கள் பலர். தொடக்க ஆண்டுகளில் ரேமண்ட் பெரியும் லென்னி மூரும் அங்கே இருந்தார்கள். அந்தப் பந்தியில் உட்கார்ந்து 331 முறை பரிமாறப்படுவதையும், ஆள் குறைந்த பந்தியில் 480 முறை பரிமாறப்படுவதையும் ஒரே இலையில் வைத்து எண்ணக் கூடாது. தடுப்பு வேலைக்குப் புள்ளிவிவரமே கிடையாது என்பதையும் கணக்கில் சேருங்கள். பத்து ஆண்டுகளில் மேக்கி ஆடாமல் விட்டது ஒரே ஓர் ஆட்டம்.

மேரிலாந்து வாசி:

நான் பால்ட்டிமோர் பக்கம் பல ஆண்டுகளாகக் குடியிருக்கிறேன். இப்போதைய ரேவன்ஸ் அணியின் அரங்க வாசலில் யுனைட்டஸின் வெண்கலச் சிலை நிற்கிறது. கோல்ட்ஸ் 1984-இல் இண்டியானாபொலிஸுக்குப் போய்விட்டாலும் பழைய அணியின் நினைவை இந்த ஊர் விடவில்லை. மேக்கியும் விடவில்லை. ஹால் ஆஃப் ஃபேம் மோதிரத்தை இண்டியானாபொலிஸில் வாங்க மறுத்து, தான் ஆடிய பால்ட்டிமோரிலேயே பெற்றுக்கொண்டார்.

ஆடுகளமா நீதிமன்றமா என்று கேட்டுக்கொண்டே நீங்கள் மூவரும் மூன்றாவது இடத்தை மறந்துவிட்டீர்கள். மேக்கிக்கு அறுபதை நெருங்கும் வயதிலேயே மூளையைச் சிதைக்கும் மறதிநோய் தொடங்கியது. விமான நிலையத்தில் சோதனைப் பணியாளர்கள் சூப்பர் பௌல் மோதிரத்தைக் கழற்றச் சொன்னபோது, அதைப் பறிக்க வருகிறார்கள் என்று நினைத்துக் கழற்ற மறுத்து விமானத்தை நோக்கி ஓடினார். எதிராளிகளை உதறி ஓடிய அதே மனிதர், இம்முறை யாரிடமிருந்து ஓடுகிறோம் என்று தெரியாமல். வீரர் ஓய்வூதியம் அவருடைய பராமரிப்புச் செலவுக்குப் போதவில்லை. மனைவி சில்வியா விமானப் பணிப்பெண்ணாக வேலைக்குச் சென்றார். பின்னர் ஆணையர் டாக்லியபுவுக்குக் கடிதம் எழுதினார். அதன் விளைவாக 2007-இல் லீக்கும் சங்கமும் சேர்ந்து, மறதிநோய் கண்ட முன்னாள் வீரர்களின் பராமரிப்பு இல்லச் செலவுக்கு ஆண்டுக்கு 88,000 டாலர் வரை தரும் திட்டத்தைக் கொண்டுவந்தன. 88 என்பது மேக்கியின் சட்டை எண். அவர் 2011-இல் 69 வயதில் இறந்தார். மூளையை ஆராய்ந்த பாஸ்டன் பல்கலைக்கழகத்தார், தலையில் மீண்டும் மீண்டும் அடிபடுவதோடு தொடர்புடைய சிதைவு அதில் இருந்ததை உறுதிப்படுத்தினார்கள்.

கணக்குப்பிள்ளை:

இதற்கு எதிராக நான் எதையும் எழுதப் போவதில்லை. ஆனால் இரக்கத்தை ஆட்டத் திறனின் கணக்கில் வரவு வைப்பதையும் ஏற்க மாட்டேன். 88 திட்டத்துக்கு அவர் பெயர் பொருந்தும். அதனால் அவர் ஸ்மித்தைவிடச் சிறந்த டைட் எண்ட் ஆகிவிட மாட்டார்.

வாய்தா:

வரவு வைக்க வேண்டாம் ஐயா; செலவை மட்டும் எழுதுங்கள். நீங்கள் மிகை என்று ஒதுக்கிய அந்தத் தீர்ப்பு இல்லாமல் 1977-இல் சங்கத்திடம் மேசையில் வைக்க ஒன்றுமே இருந்திருக்காது. அது சங்கத்தை உயிரோடு வைத்திருந்தது. அப்படி நிலைத்த சங்கம்தான் 30 ஆண்டுகள் கழித்து அவருடைய நோய்க்கான திட்டத்தில் கையெழுத்திட்டது. டிட்காவும் ஸ்மித்தும் உள்ளே வரத் தாமதமானதற்கு நீங்கள் சொன்ன காரணம் நிற்கட்டும். 1969-இல் முதலிடம் பெற்றவர் ஏன் டிட்காவுக்குப் பின்னும் நான்கு ஆண்டுகள் வெளியே நின்றார் என்ற கேள்விக்கு இன்னும் பதில் தரவில்லை.

கணக்குப்பிள்ளை:

அந்த நான்கு ஆண்டுகளுக்கு மட்டும் என்னிடம் எண் இல்லை என்பதை ஒப்புக்கொள்கிறேன். அதற்கு முன் அவர் காத்திருந்த முதல் பத்து ஆண்டுகளைப் பற்றி நான் சொன்னதில் மாற்றமில்லை. கரையோரன் அவர்கள் குறிப்பிட்ட லயன்ஸ் ஆட்டத்தின் படச்சுருளை இன்று மூன்று முறை பார்த்தேன். அவர் ஏன் விழவில்லை என்பது எனக்கும் விளங்கவில்லை.