மித் சாய்பன்ச்சாவை நீங்கள் எங்கே பார்த்தீர்கள்?

பாங்காக்கில் வேலை பார்த்தவர்களும் தாய்லாந்துக்குச் சுற்றுலா போய் வந்தவர்களும் இங்கே நிறைய இருக்கிறீர்கள். மித் சாய்பன்ச்சா என்ற நடிகரை எங்காவது எதிர்கொண்டிருந்தால் சொல்லுங்கள். நேரில் பார்த்திருக்க வாய்ப்பு குறைவு, ஆள் போய்ச் சேர்ந்தது 1970-இல். ஆனாலும் அந்த நாட்டில் அவர் முகம் எதிர்பாராத இடங்களில் எல்லாம் தட்டுப்படும். தாய்லாந்துச் சண்டைப்பட நடிகர் டோனி ஜாவைத் தெரிந்த நம் ஆட்களுக்கு இவரைத் தெரியவில்லையே என்று எனக்கு ஒரு குறை. முதலில் என் கதை.

பாங்காக்கில் சிலோம் பக்கம் கலர் கல் வியாபாரம் செய்யும் ஒரு கம்பெனியில் கணக்கு எழுதினேன். அங்கே டீ, காபி போட்டுத் தருகிற அம்மாவை எல்லோரும் 'பா' என்றுதான் கூப்பிடுவோம், நாம் பெரியம்மா என்பது மாதிரி. அவர் மேசைக் கண்ணாடிக்கு அடியில் மன்னர் படம், பக்கத்தில் தலையைப் படிய வாரிய ஓர் ஆளின் கறுப்பு வெள்ளைப் படம். உங்கள் சொந்தக்காரரா என்று கேட்டுவிட்டேன். அவ்வளவுதான், அன்றைக்குக் கணக்கு ஒன்றும் நகரவில்லை.

பா சொன்னதும் அப்புறம் நான் படித்ததும் கலந்துதான் எழுதுகிறேன். மித் 1934-இல் பெட்சபுரி மாகாணத்தில் பிறந்தவர். பெற்றோர் பிரிந்துவிட்டார்கள். கோயிலில் பிக்குகளுக்கு எடுபிடியாக இருந்து, அவர்கள் சாப்பிட்டு மிஞ்சியதைச் சாப்பிட்டு வளர்ந்த பையன். பிறகு பாங்காக்கில் நாங் லெங் பகுதியில் இருந்த அம்மாவிடம் வந்து சேர்ந்தார். குத்துச்சண்டை போட்டார், விமானப்படையில் வேலை கிடைத்தது. நண்பர்கள் அவருடைய போட்டோவைப் பத்திரிகைக்காரர்களிடம் கொண்டுபோய்க் காட்டப்போக, 1958-இல் முதல் படம் வந்தது. அடுத்த வருடமே முகமூடி போட்ட 'இன்சீ டேங்' வேடம், அதாவது செங்கழுகு. பகலில் குடித்துவிட்டுச் சுற்றும் ஆசாமி, ராத்திரியில் அநியாயக்காரர்களை வேட்டையாடுவான். அதற்குப் பிறகு ஆளைப் பிடிக்க முடியவில்லை. பன்னிரண்டு வருடத்துக்குள் 260-க்கும் மேற்பட்ட படங்கள். பெட்சரா சாவோவராட் என்ற நடிகையோடு மட்டும் 150-ஐத் தாண்டும்.

இதெல்லாம் எங்கும் கிடைக்கிற தகவல்தான். பா சொன்னதில் எனக்குப் பிடித்தது வேறு. அந்தக் காலத் தாய்லாந்துப் படங்களில் பெரும்பாலானவை 16 மி.மீ. ஃபிலிமில் ஒலியே இல்லாமல் எடுக்கப்பட்டவை. 35 மி.மீ.க்குச் செலவு தாங்காது. படம் ஓடும்போது மைக் முன்னால் ஆள் உட்கார்ந்து அங்கேயே குரல் கொடுப்பார். பா வளர்ந்தது வடகிழக்கில் உபோன் பக்கம் ஒரு கிராமம். அங்கே மருந்து விற்கிற லாரியோடு படம் வரும். டிக்கெட் கிடையாது, பாதியில் படத்தை நிறுத்திவிட்டு வயிற்றுவலி மாத்திரையும் தலைவலிப் பொடியும் விற்பார்கள். நல்லவன், கெட்டவன், கிழவி எல்லோருக்கும் அதே ஆள்தான் குரல். மித் அந்த ஊர் லாவோ பேச்சிலேயே வில்லனைக் கிண்டல் செய்வாராம். பின்னால் பாங்காக்குக்கு வேலைக்கு வந்து தியேட்டரில் பார்த்தால் வேறு குரல், சுத்தமான தலைநகரத்துப் பேச்சு. "இவன் யாரோ என்று எழுந்து வந்துவிட்டேன்" என்றார். ஊருக்கு ஊர் மித்துக்கு வேறு வேறு குரல் இருந்திருக்கிறது. ஒவ்வொரு ஊரும் அவரைத் தன் ஆள் என்று நினைத்ததற்கு அழகும் சண்டையும் மட்டும் காரணமாக இருக்க முடியாது என்பது என் கட்சி.

சரி, உங்கள் முறை. (எழுதுகிறவரின் ஊர் ஒவ்வொரு பதிலுக்கும் மேலே இருக்கும்.)

— மதுரையிலிருந்து

நாங்கள் பட்டாயா பேக்கேஜில் போனவர்கள். (ஆமாம், குடும்பத்தோடுதான். சிரிக்க வேண்டாம்.) ஜோம்தியன் கடற்கரைப் பக்கம் ஓட்டல். காலையில் நடக்கப் போனபோது மரங்களுக்கு நடுவே ஒரு சின்னக் கோயில் மாதிரி இருந்தது. உள்ளே புத்தர் இல்லை, ஒரு நடிகரின் படங்களாக மாட்டியிருந்தது. ஊதுபத்தி, மாலை எல்லாம் உண்டு. ஒரு அம்மா லாட்டரிச் சீட்டைக் கையில் வைத்துக்கொண்டு கண்ணை மூடி நின்றார். என் மனைவி பழக்கதோஷத்தில் கும்பிட்டுவிட்டு, வெளியே வந்துதான் "இது என்ன சாமி?" என்று கேட்டார்.

எங்கள் வேன் டிரைவர்தான் கையால் ஆட்டிக் காட்டி விளக்கினார். 1970 அக்டோபர் 8. 'இன்சீ தோங்' (பொற்கழுகு) படத்தின் கடைசிக் காட்சி அந்தக் கடற்கரையில். நடிப்பும் அவரே, இயக்கமும் அவரே. ஹெலிகாப்டரிலிருந்து தொங்கும் கயிற்றேணியைப் பிடித்துக்கொண்டு பறந்து போக வேண்டும். ஏணியைப் பிடித்துவிட்டார், ஆனால் படியில் கால் ஊன்றவில்லை. கையால் மட்டும் தொங்குகிறார். விமானிக்கு அது தெரியவில்லை, மேலே மேலே ஏற்றிவிட்டார். கேமரா ஓடிக்கொண்டிருக்கும்போதே விழுந்தார். வயது 36. டூப் போட்டிருக்கலாமே என்று நான் கேட்டதற்கு டிரைவருக்குக் கோபமே வந்துவிட்டது.

— கெடாவிலிருந்து

எனக்கு எழுபதை நெருங்குகிறது, அதனால் நான் மித்தை ஓடுகிற காலத்திலேயே பார்த்தவன். அப்பா மலேசிய எல்லை ஊரான பாடாங் பெசாரில் ரயில்வேயில் இருந்தார். எல்லையைத் தாண்டினால் தாய்லாந்தின் ஹாட்யாய். சாமான் வாங்கப் போகும்போது என்னையும் கூட்டிப் போவார், வாங்கி முடித்ததும் ஒரு படம். எனக்குத் தாய்லாந்து மொழி அரைகுறைதான். நான் பார்த்தது திரையைவிடப் பின்னால் இருந்த அறையைத்தான் அதிகம். அங்கே ஒரு ஆணும் ஒரு பெண்ணும் உட்கார்ந்து பேசுவார்கள். அவர்கள் பேரை போஸ்டரில் நடிகர் பேருக்குச் சமமாகப் போட்டிருப்பார்கள். ஒருமுறை அந்த ஆள் தேத்தண்ணி குடிக்க வாயை மூட, திரையில் மித் வாயசைத்துக்கொண்டே நிற்கிறார். ஜனம் விசில் அடித்தது. ஆள் நிதானமாகக் குடித்து முடித்து, விட்ட வசனத்தையும் சேர்த்து ஒரே மூச்சில் பேசினார் பாருங்கள், அதற்குக் கைத்தட்டல் வேறு.

— பாங்காக்கிலிருந்து

கொஞ்சம் மாற்றுக் கருத்து. விழுந்து இறந்ததால்தான் அவர் இந்த உயரத்துக்குப் போனார் என்று என் அலுவலக நண்பர்கள் சிலர் சொல்வார்கள். இன்னொரு பெரிய நடிகர் சோம்பட் மேதானி அவரைவிட இரண்டு மடங்குக்கும் மேல் படங்கள் நடித்தவர், 2022 வரை வாழ்ந்தவர். அவருக்குக் கடற்கரையில் யாரும் ஊதுபத்தி ஏற்றுவதில்லை. அதோடு மித் 1969 பொதுத்தேர்தலில் பாங்காக்கில் நின்று தோற்றார். சினிமாவில் பார்க்கக் கூட்டம் முட்டி மோதிய அதே ஊரில். நம் ஊர்க்காரர்களுக்கு இது நம்பக் கொஞ்சம் கஷ்டம்தான்.

— முதலில் எழுதியவர்

தேர்தல் விஷயம் உண்மை. ஆனால் சாவுதான் அவரைத் தூக்கியது என்பதை ஏற்க மாட்டேன். இறப்பதற்குச் சில மாதம் முன்பு வந்த 'மோன்ராக் லுக் துங்' பாங்காக்கில் ஆறு மாதம் ஓடியது. அது 35 மி.மீ., கிராமத்துப் பாட்டுகள் நிறைந்த படம். உச்சத்தில் இருக்கும்போதுதான் விழுந்தார். நாங் லெங் கோயிலில் உடலை வைத்திருந்தபோது செத்துவிட்டார் என்பதையே கூட்டம் நம்பவில்லை, உடலைத் தூக்கிக் காட்ட வேண்டியதாயிற்று. யாராவது அந்தப் பக்கம் போயிருக்கிறீர்களா?

— பாங்காக்கிலிருந்து

நாங் லெங் சந்தைக்குச் சாப்பிடவே அடிக்கடி போவேன். சந்தையை ஒட்டி சாலா சலேம் தானி என்று மரத்தால் கட்டிய பழைய தியேட்டர் இருக்கிறது, 1918-இல் திறந்தது, 1993-இல் மூடிவிட்டார்கள். அங்கே வயதானவர்களிடம் மித் பேரை எடுத்தால் நடிகராகப் பேச மாட்டார்கள். எங்கள் தெருப் பையன் என்றுதான் தொடங்குவார்கள்.

படம் பார்க்க வேண்டுமென்றால் நாகோன் பதோம் மாகாணத்தில் சாலாயாவில் இருக்கிற திரைப்பட ஆவணக் காப்பகத்துக்குப் போங்கள், அருங்காட்சியகமும் உண்டு. ரொம்ப எதிர்பார்க்காதீர்கள். 16 மி.மீ. படங்களுக்குப் பெரும்பாலும் நெகட்டிவே கிடையாது, கேமராவில் ஓடிய சுருளையே ஊர் ஊராகப் போட்டுத் தேய்த்துவிட்டார்கள். அவர் நடித்ததில் பெரும்பகுதி போயே போய்விட்டது. காப்பகம் தொடங்கியதே 1984-இல்தான்.

— மதுரையிலிருந்து

அடுத்த முறை போகிறவர்களுக்கு: பாங்காக்கின் எக்காமாய் பேருந்து நிலையத்திலிருந்து பட்டாயாவுக்கு பஸ் கிடைக்கும், அங்கிருந்து ஜோம்தியனுக்கு சோங்தேவ் என்கிற ஷேர் வண்டி. டிரைவரிடம் 'மித்' என்று மட்டும் சொன்னால் போதும். டூப் பற்றிக் கேட்காதீர்கள்.