கைதட்டலில் மட்டும் வித்தியாசம் கேட்கிறது, எனக்கு மட்டுமா?

உப்புவெளி_கிற்றார்:
வணக்கம். உப்புவெளியில் ஒரு விடுதியில் இரவு வேலை. மெக்சிகோவின் மானா குழு 1999இல் எம்டிவிக்காக அன்பிளக்டாக, அதாவது மின்கிற்றார் உறுமல் இல்லாமல், வாசித்த கச்சேரி என்னிடம் 128 கேபிபிஎஸ் (நன்றாகச் சுருக்கிய) எம்பி3யாகப் பல வருடமாக இருக்கிறது. கனடாவில் இருக்கும் அக்கா போன மாதம் அதன் சீடியை அனுப்பினா. வரவேற்பறைக் கணினியில் ஃபிளாக்காக (ஒலி எதுவும் இழக்காமல் சுருக்கும் கோப்பு) ஏற்றி, நள்ளிரவுக்குப் பிறகு கேட்டேன்.

பாட்டுக்காரரின் குரலில் பெரிய மாற்றம் இல்லை. ஆனால் சனத்தின் கைதட்டல்! எம்பி3யில் அது தகரக் கூரையில் விழும் மழை, ஒரே இரைச்சல். இதில் கைகள் தனித்தனியாகக் கேட்கின்றன, பிந்தித் தட்டுகிறவரும் தெரிகிறார். கொங்கா மேளத்தில் உள்ளங்கை விழுவதும் அப்படித்தான். சிநேகிதன் "எல்லாம் உன் மனப்பிரமை" என்கிறான். உண்மையாகவே வித்தியாசம் இருக்கிறதா? ஒரு ஆல்பத்துக்கு 400 எம்பி அளவில் இடம் போகிறது, அதனால்தான் கேட்கிறேன்.

திருவிழா_சவுண்ட்:
தம்பி, பிரமை இல்லை. எம்பி3 ஒலியைச் சின்னச் சின்னத் துண்டாக எடுத்துத்தான் சுருக்கும். துண்டின் நடுவில் சடாரென்று ஓர் அடி விழுந்தால், சுருக்குவதால் வரும் இரைச்சல் அந்தத் துண்டு முழுக்கப் பரவும், அடிக்கு முந்திய அமைதியிலும். அதனால் அடியின் முனை மழுங்கும். கைதட்டல் என்பது ஆயிரம் சின்ன அடிகள், ஒலியைச் சுருக்கும் எந்தக் கோடெக்கும் அதில் திணறும். 128இல் தவில் கேட்டுப் பாருங்கள், வலந்தலையில் விரல்கூடு விழும் 'டக்' கந்தலாகிப் போயிருக்கும். மின்கிற்றார் உறுமும் ராக் என்றால் அந்த உறுமலே இதையெல்லாம் மூடிவிடும். நைலோன் நரம்பும் ஷேக்கரும் கையும் மட்டும் இருந்தால் ஒளிய இடமில்லை.

வயர்_கட்சி:
அண்ணை சொன்னது சரி, ஆனால் 128க்குத்தான் சரி. உங்கள் பழைய எம்பி3 எந்தப் பதிவில் இருந்து வந்ததோ, இரண்டில் எதில் சத்தம் கொஞ்சம் கூடினாலும் அதுவே நல்லதாகக் கேட்கும். இந்த ஃபிளாக்கில் இருந்தே 128 எம்பி3யும், குறைவாகச் சுருக்கும் 320 எம்பி3யும் செய்து, ஃபூபார்2000 என்ற கணினிப் பிளேயரில் ஏபிஎக்ஸ் என்ற ஒப்பிட்டுக் கேட்கும் சோதனை போட்டு, ஒவ்வொன்றையும் ஃபிளாக்கோடு எது எதென்று பார்க்காமல் 16 தடவை கேளுங்கள். ப்ளூடூத் ஹெட்போனைக் கழற்றி வையுங்கள், அது திரும்பவும் சுருக்கும்.

பாலையூற்றுப்_பெடியன்:
நான் பறங்கியர் வீட்டுக் கல்யாணங்களில் கஃப்ரிஞ்ஞா என்ற ஆட்டப் பாட்டு கேட்டு வளர்ந்தவன். வயலின், றபான் மேளம், சுற்றிவரக் கைதட்டல். ஒரு கல்யாணத்தை ஃபோனில் எம்பி3யாகப் பதிந்து, பிறகு பெருமையாக ஃபிளாக் ஆக்கினேன். கோப்பு ஊதியது, போன றபான் திரும்பி வரவில்லை. சீடி வைத்திருக்கிறீர்கள், அதை விடாதீர்கள்.

உப்புவெளி_கிற்றார்:
செய்தேன், வயர் ஹெட்போனில். 128ஐ 16இல் 15 தடவை பிடித்தேன். 320இல் 9, அதாவது நாணயம் சுண்டியதுதான். கொஞ்சம் வெட்கமாகப் போய்விட்டது.

ஆனால் ஒன்று. காரில் 320ஐப் போட்டால், ஒரு பாட்டு முடிந்து அடுத்தது தொடங்கும் இடத்தில் கைதட்டல் ஒரு கணம் அறுந்து 'டுக்' என்கிறது. ஃபிளாக்கில் அரங்கம் அறுபடாமல் ஓடுகிறது.

வயர்_கட்சி:
எம்பி3யின் தலையிலும் வாலிலும் சத்தமில்லாத ஒரு சின்னத் துண்டு ஒட்டிக்கொள்ளும், காரில் இருக்கும் பிளேயர் அதை வெட்டத் தெரியாதது. ஃபூபாரில் அந்த 'டுக்' வராது.

உப்புவெளி_கிற்றார்:
சரி, வீட்டில் ஃபிளாக், ஃபோனில் 320. காருக்கு முழுக் கச்சேரியையும் ஒரே கோப்பாகச் செய்துவிட்டேன். பாட்டு மாற்ற முடியவில்லை என்று இப்போது மனைவி பேசுகிறா.