பாலிம்செஸ்ட்: ‘அழித்தெழுத்து’ என்று சொல்லலாமா?

அன்பர்களுக்கு வணக்கம்.

பழைய எழுத்தைத் தேய்த்து அழித்துவிட்டு அதே ஏட்டில் புதிதாக எழுதிய சுவடியைப் பாலிம்செஸ்ட் என்பார்கள். அதற்குத் தமிழில் என்ன சொல்வது என்று பேசிவரும் இந்த இழை நீண்டுவிட்டது. அதனால் முன்மடல்களில் வந்த பரிந்துரைகளில் மூன்றை மட்டும் எடுத்துக்கொண்டு பேசுகிறேன்.

> ‘மறையெழுத்துச் சுவடி’ போதுமே. எழுத்து மறைந்திருக்கிறது, அவ்வளவுதானே?

ஐயா, சொல் காதுக்கு இனிமையாகத்தான் இருக்கிறது. ஆனால் இப்படிப்பட்ட சுவடிகளில் பெயர்பெற்றவை பல விவிலியச் சுவடிகள். அங்கே போய் ‘மறை’ என்று சொன்னால் படிப்பவர் வேதம் என்றே எடுத்துக்கொள்வார். ‘மறைநூலின் மறையெழுத்து’ என்று ஒரு வரி எழுதிப் பாருங்கள், எது எதுவென்று தெரியாது. தவிர, அந்த எழுத்தை யாரும் ஒளித்து வைக்கவில்லை. மீண்டும் எழுதத் தோலேடு வேண்டும் என்பதற்காகத் தேய்த்து அழித்தார்கள். ஒளிப்பது வேறு, அழிப்பது வேறு.

ஒரு சுவடியைக் கண்முன் வைத்துக்கொண்டு பேசினால் தெளிவாகும் என்று தோன்றுகிறது. சாக்கிந்தோஸ் சுவடியை எடுத்துக்கொள்கிறேன். இப்போது கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழக நூலகத்தில் இருக்கிறது. கிரேக்கத் தீவான சாக்கிந்தோசில் 1820இல் அதைப் பரிசாகப் பெற்றவர் கொலின் மெக்காலே. குமரி மாவட்டக்காரர்களுக்கு இந்தப் பெயர் தெரிந்திருக்கும். திருவிதாங்கூரில் ஆங்கிலேய ரெசிடெண்டாக (கம்பெனியின் அரசவைப் பிரதிநிதியாக) இருந்தவர், வேலுத்தம்பி தளவாய் எதிர்த்து நின்றது இவரைத்தான். மறு ஆண்டு அவர் அதை லண்டனில் இருந்த வேதாகமச் சங்கத்துக்குக் கொடுத்தார். சங்கம் விற்க முன்வந்தபோது, 2014இல், நூலகம் 11 லட்சம் பவுண்டுக்கு வாங்கியது.

சுவடியைத் திறந்தால் முதலில் கண்ணில் படுவது 12ஆம் நூற்றாண்டின் கிரேக்க வாசக நூல், அதாவது வழிபாட்டில் அந்தந்த நாளுக்கு உரிய நற்செய்திப் பகுதிகளின் தொகுப்பு. சிறிய, ஒன்றோடொன்று இணைந்து ஓடும் எழுத்து. அதற்கு அடியில், குறுக்காக, மங்கிய பழுப்பில் வேறு எழுத்து தெரியும். ஏறக்குறைய கி.பி. 700இல் எழுதப்பட்ட லூக்கா நற்செய்தி அது. பழைய ஏடுகள் பெரியவை, 36 சென்டிமீட்டர் உயரம். அவற்றைத் தேய்த்து, திருப்பி, குறுக்கே மடித்து, ஒரு ஏட்டை இரண்டாக்கி மேலே எழுதியிருக்கிறார்கள். அதனால்தான் பழைய வரிகள் புதிய வரிகளுக்குச் செங்குத்தாக ஓடுகின்றன. 89 பழைய ஏடுகள் (மூன்று முழுமையாக இல்லை) இன்று 176 தாள்களாக இருப்பதும் இந்த மடிப்பால்தான்.

தேய்த்த பிறகும் எழுத்து எப்படிப் பிழைத்தது? அக்காலத் தோலேடுகளில் பரவலாகப் பயன்பட்டது மாசிக்காயும் அன்னபேதியும் சேர்ந்த மை. இரண்டும் நம் நாட்டு மருந்துக் கடையில் இன்றும் கேட்டால் கிடைக்கும். அந்த மை தோலின் மேல் நிற்காது, உள்ளே கடித்து இறங்கிவிடும். மேற்பரப்பைத் தேய்த்தாலும் கறை அடியில் தங்கிவிடும். புற ஊதா ஒளி பட்டால் தோல் மினுங்கும், மை ஊறிய இடம் மட்டும் கறுப்பாக நிற்கும். 1861இல் ஆங்கிலேய விவிலிய அறிஞர் டிரெகெல்ஸ் இந்தச் சுவடியின் லூக்கா பாடத்தை வெளியிட்டார். அதைச் சூழ்ந்திருந்த பொடி எழுத்து உரையை முழுதாகப் படிக்க, பல அலைநீளங்களில் ஒளி பாய்ச்சிப் படம் எடுக்கும் காலம் வரை காத்திருக்க வேண்டியிருந்தது. பர்மிங்ஹாம் பல்கலைக்கழகத்தார் அந்த வேலையை 2020இல் முடித்தார்கள்.

> ‘மீள்சுவடி’, அல்லது ‘இரட்டைச் சுவடி’

‘மீள்’ என்று போட்டால் மறுபதிப்பு, மறுபடி எடுத்த படி என்ற எண்ணம்தான் வருகிறது. ‘இரட்டை’யில் எண்ணிக்கைச் சிக்கல்: இரண்டு முறை அழித்து மூன்றாவதாக எழுதிய ஏடுகளும் உண்டு. இரண்டு சொற்களிலும் அழித்த செய்தி இல்லை என்பது என் முதன்மையான குறை. கிரேக்க மூலச்சொல்லின் பொருள் ‘மீண்டும் சுரண்டியது’ என்பதுதான். அதை அப்படியே ‘சுரண்டேடு’ ஆக்கலாமா என்று ஒரு நாள் முழுக்க யோசித்தேன். இன்றைய தமிழில் சுரண்டல் என்றால் உழைப்புச் சுரண்டல்தான் முன்னே வந்து நிற்கிறது. விட்டுவிட்டேன்.

நம்மிடம் இதற்கு ஏன் பழைய சொல் இல்லை என்பதும் யோசிக்க வேண்டியது. ஓலையில் எழுத்தாணி கீறும். கீறிய பள்ளத்தில் மை பூசித் துடைப்போம். அதைச் சுரண்டினால் ஓலையே போய்விடும். ஏடு சிதைந்தால் புது ஏட்டில் பெயர்த்து எழுதினார்கள், பழைய ஏட்டின் மேல் எழுதவில்லை. பொருளே இல்லாத இடத்தில் சொல் எப்படி இருக்கும்? ஆகவே ‘ஓலை’ என்று முடியும் பரிந்துரைகளையும் ஒதுக்கிவிடலாம்.

என் பரிந்துரை: அழித்தெழுத்து.

> ‘அழித்து’ வினையெச்சம், ‘எழுத்து’ பெயர். எச்சம் பெயரோடு எப்படி ஒட்டும்?

சரியான கேள்வி, அம்மா. ஆனால் ‘எடுத்துக்காட்டு’, ‘கண்டுபிடிப்பு’ இரண்டும் இப்படித்தானே அமைந்திருக்கின்றன? எடுத்து + காட்டு, கண்டு + பிடிப்பு. வினையிலிருந்து வந்த பெயராக இருந்தால் எச்சம் அதோடு இயல்பாகச் சேர்கிறது. ‘எழுத்து’ எழுது என்பதிலிருந்து வந்ததுதான். ‘அழித்தெழுதிய சுவடி’ என்று பெயரெச்சமாக எழுதினாலும் பிழையில்லை, கலைச்சொல்லாக அது நீளம்.

இன்னொரு வசதி, ‘சுவடி’யைத் தனியே கழற்றிவிடலாம். தோலேடு என்றால் அழித்தெழுத்துச் சுவடி. நம் நாட்டிலேயே பழைய எழுத்தைத் தட்டிச் சமனாக்கி மேலே புதிதாக வெட்டிய செப்பேடுகள் கிடைத்திருக்கின்றன. அவற்றை அழித்தெழுத்துச் செப்பேடு என்று சொல்லிவிடலாம். ‘மறையெழுத்துச் செப்பேடு’ என்றால் ஏதோ மந்திரத் தகடு போலத் தொனிக்கும்.

ஒரு சொல்லை மட்டும் முடிவு செய்தால் போதாது. சுவடி விவரிப்பவருக்குப் பக்கத்துக்குப் பத்து முறை தேவைப்படுவது கீழே உள்ளதற்கும் மேலே உள்ளதற்கும் பெயர். ‘அடியெழுத்து’, ‘மேலெழுத்து’ என்று வைத்துக்கொண்டு எழுதிப் பார்த்தேன்:

“இது அழித்தெழுத்துச் சுவடி. அடியெழுத்து லூக்கா நற்செய்தி, சுற்றிலும் உரை. மேலெழுத்து 12ஆம் நூற்றாண்டு வாசக நூல்.”

தடங்கல் இல்லாமல் ஓடுகிறது. ‘வாசக நூல்’ கத்தோலிக்கக் கோயில்களில் ஏற்கனவே புழங்கும் சொல், நாம் புதிதாக எதுவும் செய்ய வேண்டாம்.

அப்புறம், அந்த ‘சுற்றிலும் உரை’ பற்றி. நற்செய்தி நடுவில், மூன்று பக்கமும் ஓரிகன், அலெக்சாந்திரியாவின் சிரில், அந்தியோக்கியாவின் செவேரு போன்ற பழைய கிறித்தவ அறிஞர்களின் விளக்கங்களைத் துண்டு துண்டாகக் கோத்து வைத்திருக்கிறார்கள். இதற்கு லத்தீனில் ‘கத்தேனா’, அதாவது சங்கிலி, என்று பெயர். அதை ‘சங்கிலியுரை’ என்று மொழிபெயர்க்க ஒரு மடலில் பார்த்தேன். வேண்டவே வேண்டாம். ஒரு நூற்பாவுக்குப் பல உரைகாரர்கள் சொன்னதை ஒருங்கே தருவதை நாம் ‘உரைவளம்’ என்கிறோம். தொல்காப்பியம் படித்த எவருக்கும் அந்தச் சொல்லைக் கேட்டதுமே அந்தப் பக்கத்தின் அமைப்பு கண்ணில் வந்துவிடும். கைவசம் இருக்கும் சொல்லை விட்டுவிட்டு இரவல் வாங்குவது எனக்கு வருத்தமாக இருக்கிறது.

கல்வெட்டு, செப்பேடு படிக்கும் நண்பர்கள் குழுவில் நாலைந்து பேராவது இருக்கிறீர்கள். அழித்து வெட்டிய ஏட்டைக் கையில் எடுக்கும்போது உங்களுக்குள் அதை என்னவென்று சொல்லிக்கொள்வீர்கள்? அதற்குப் பழகிய சொல் ஒன்று இருந்தால் என் பரிந்துரையைத் திரும்பப் பெற்றுக்கொள்கிறேன்.

அன்புடன்.