சேத் ஹோல்ட் எடிட்டராகவே இருந்திருக்க வேண்டுமா?

மாறன்:
என்னைக் கேட்டால் ஆமாம். எடிட்டராக இருந்து டைரக்டர் ஆனவர் ஹோல்ட். பிரிட்டிஷ் சினிமா ஒரு முதல்தர எடிட்டரை இழந்து, சுமாரான டைரக்டரை வாங்கிக்கொண்டது. லண்டனின் ஈலிங் ஸ்டுடியோவில் அவர் எடிட் செய்த ‘மேண்டி’யைப் (1952) பாருங்கள். காது கேளாத சிறுமியின் பார்வைக்குக் காட்சி மாறும்போது சத்தம் சட்டென்று அறுந்துபோகும். அவர் இயக்கியதில் அப்படி ஒரு இடம் காட்டுங்கள்.

செல்வி:
‘நோவேர் டு கோ’ (1958) பார்த்தீர்களா? அவர் இயக்கிய முதல் படம். தொடக்கத்தில் ஒருவன் சிறையிலிருந்து தப்புகிறான். பேச்சே கிட்டத்தட்ட இல்லை, ஷாட்டுகள் அடுக்கப்பட்ட விதத்திலேயே எல்லாம் புரிந்துவிடுகிறது. எடிட்டிங் மேசையில் வளர்ந்தவருக்குத்தான் அந்தத் துணிச்சல் வரும். அப்புறம், ‘மேண்டி’யின் மௌனத்தில் டைரக்டர் மெக்கெண்ட்ரிக்குக்கும் பங்கு உண்டு.

மாறன்:
பங்கு உண்டு, யார் இல்லை என்றது? ஆனால் ஒரு படம் இயக்கிய பிறகும் 1960-ல் ‘சாட்டர்டே நைட் அண்ட் சண்டே மார்னிங்’ படத்துக்கு எடிட்டராகத்தானே வந்தார்? டைரக்டர் காரல் ரைஸ் எடிட்டிங் பற்றிப் புத்தகமே போட்டவர். தன் முதல் கதைப்படத்தை அவரே இவர் கையில் கொடுத்தார். இந்தக் கை எதற்குப் பேர்போனது என்று இதைவிட யார் சொல்ல வேண்டும்?

இளங்கோ:
நடுவில் தயாரிப்புப் பக்கமும் போனாரே, ‘தி லேடிகில்லர்ஸ்’ (1955) படத்தின் இணைத் தயாரிப்பாளர் அவர். எடிட்டிங் அறையிலிருந்து மேலே ஏறுவது ஈலிங்கில் வழக்கம்தான். டைரக்டர்கள் சார்லஸ் கிரைட்டன், ராபர்ட் ஹேமர் எல்லாம் அப்படி வந்தவர்கள். ஹோல்ட் முறை வந்தபோது ஸ்டுடியோ கட்டடம் பிபிசி கைக்குப் போயிருந்தது. ‘நோவேர் டு கோ’வை அமெரிக்க நிறுவனமான எம்ஜிஎம் சுருக்கி வெளியிட்டது. காலம் செய்த கோளாறுக்கு ஆளைக் குறை சொல்லலாமா?

மாறன்:
அப்புறம் ஹாமர் என்ற பிரிட்டிஷ் படநிறுவனம் வாய்ப்புக் கொடுத்ததே! கிடைத்தவை திகில் படங்கள்தான்.

செல்வி:
திகில் என்றால் மட்டமா? ‘தி நானி’யில் (1965) சிறுவன் ஆயா சமைத்ததைத் தொடவே மாட்டான். பையன் புளுகனா, இவள் கொலைகாரியா என்று நமக்குத் தெரியாது. ஆயாவாக நடித்த பெட்டி டேவிஸ் முகத்தில் எவ்வளவு நேரம் நிற்பது, எப்போது விலகுவது என்பதில்தான் படத்தின் பயம் முழுக்க இருக்கிறது. 1971-ல் ஒரு படப்பிடிப்பு முடியும் முன்பே மாரடைப்பில் இறந்தபோது ஹோல்ட்டுக்கு வயது 47. மீதியை ஹாமரின் மைக்கேல் கரேராஸ் எடுத்து முடித்தார். அந்த வயதில் போனவரைச் சுமார் என்று முத்திரை குத்துவதை என்னால் ஏற்க முடியாது. ‘தி நானி’ பார்த்துவிட்டு வாருங்கள், மேலே பேசலாம்.